வீடு போகுமட்டும் தாத்தா

அப்பாவுக்கு கௌபாய் படம் என்றால் உயிர். வெள்ளவத்தையில் எங்கள் வீடிருந்த ஒழுங்கைக்குக் கொஞ்சம் தள்ளியிருந்த தியேட்டரில் பழைய ஆங்கிலப் படங்களை மலிவு விலைக்கு ஓட்டுவார்கள். அன்றைய படமும் படுசிக்கனமானது. குதிரை எவ்வளவு தூரம் ஓடினாலும் பின்னால் அதே பாறைதான் வரும். ஊருக்குப் புதிதாக வந்த ஒருவனைக் கொள்ளைக்காரன் என்று சந்தேகித்து ஷெரிப் பின்தொடர்கிறார். தான் யாரென்று அவனும் சொல்லமாட்டான், படமும் சொல்லாது.

"அப்பா, அவன் உண்மையாவே கள்ளனோ?"

"பொறு பிள்ளை, எனக்கும் தெரியேல்ல."

ஷெரிப் தெருவில் இறங்க, வீடுகளின் கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட்டன. அந்த இடத்தில் படம் நின்றது. விளக்கைப் போட்டார்கள். யாரும் விசிலடிக்கவில்லை, காசைத் திருப்பிக் கேட்கவில்லை. எல்லாரும் பேசாமல் எழுந்து போனார்கள்.

வெளியே, காலி நகருக்குப் போகும் பெருந்தெருவான காலி வீதியில் நல்ல வெயில். பஸ் ஒன்றையும் காணோம். கடைகளெல்லாம் பலகை போட்டு மூடியிருந்தன. ஒரு சாப்பாட்டுக் கடை வாசலில், ஆட்கள் இருக்கும் மர வாங்கின்மேல் பாதி குடித்த தேநீர் இன்னும் ஆவி பறந்தபடி இருந்தது. பூட்டிய வீடு ஒன்றுக்குள் வானொலி பாடிக்கொண்டிருந்தது. கடல் இரைச்சல் வீதிவரைக்கும் வந்து கேட்டது. படம் வெளியிலும் ஓடுகிறது என்று எனக்கு ஒரே குஷி.

அப்பா குனிந்து, கைக்குட்டையால் என் நெற்றிப் பொட்டை அழுத்தித் துடைத்தார். தன் திருநீற்றையும் துடைத்துக்கொண்டார்.

"வீடு போகுமட்டும் தமிழ் கதைக்காத. என்னை அப்பா எண்டு கூப்பிடாத. தாத்தா எண்டு சொல்லு."

எனக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. சிங்களத்தில் அப்பாவைத் தாத்தா என்பார்கள் என்பது எனக்குத் தெரியும். ஒழுங்கைப் பிள்ளைகளோடு விளையாடி, அவர்களுக்குச் சமமாகச் சிங்களம் பொரிந்து தள்ளுவேன். ஆனால் எங்கள் வீட்டில் தாத்தா என்றால் அம்மாவின் அப்பா, பொக்கைவாய்க்காரர். அப்பாவின் சிங்களமோ, வாயைத் திறந்தாலே யாழ்ப்பாணம் மணக்கும்.

ஒழுங்கை முனையில் சிலர் பொல்லு தடிகளோடு நின்றார்கள். ஒருவரும் சத்தம் போடவில்லை. ஒருவன் அப்பாவை ஏற இறங்கப் பார்த்து ஏதோ கேட்டான். அப்பா தொண்டையைப் பிடித்துக்கொண்டு இருமினார். இருமல் நிற்கவே இல்லை. அவன் என் பக்கம் குனிந்தான்.

"மே கவுத, நங்கி?"

இவர் யார், தங்கச்சி என்று மிக அன்பாகத்தான் கேட்டான். என் கையைப் பிடித்திருந்த அப்பாவின் உள்ளங்கை தெப்பமாக நனைந்திருந்தது.

"தாத்தா" என்றேன். சொன்னதும் பொக்கைவாய் ஞாபகம் வந்து, களுக்கென்று சிரித்துவிட்டேன். அவன் என்னையே பார்த்தான். பிறகு அவனும் சிரித்து, என் கன்னத்தைத் தட்டி வழிவிட்டான்.

வீட்டுக்குள் வந்து தாழ்ப்பாள் போட்ட பிறகும் அப்பா கதவோடு சாய்ந்தே நின்றார். அம்மா கொடுத்த தண்ணீரைக் குடிக்கவில்லை.

"இனிச் சரி பிள்ளை. ஒருக்கா அப்பா எண்டு கூப்பிடு" என்றார்.

நான் விளையாட்டை விடுவேனா? "தாத்தா!" என்று கத்திவிட்டு உள்ளே ஓடினேன். அப்பா அப்படியே நிலத்தில் உட்கார்ந்து அழத் தொடங்கினார். நான் நன்றாகத்தானே சொன்னேன், பிறகு ஏன் அழுகிறார் என்று அம்மாவிடம் கேட்டேன்.