துரையின் தம்பிக்கு வைத்த பூ

மலாய் நாட்டில், காஹாங் பக்கத்தில் நாங்கள் இருந்த ரப்பர் தோட்டத்தின் துரை பிரான்சு நாட்டுக்காரர். ஜெர்மன் சண்டையில் செத்துப்போன தம்பிக்காக, பங்களாவுக்குக் கீழே ஆற்றோரத்தில் எழுத்து வெட்டிய கல் ஒன்றை நாட்டியிருந்தார். ஞாயிற்றுக்கிழமை காலைகளில் அதன் எதிரே தொப்பியைக் கழற்றி வைத்துவிட்டு, ஒரு புத்தகத்தை ராகம் போட்டு உரக்கப் படிப்பார். அது அவர்கள் ஊர்க் கவிதை என்று ஆபீஸில் கணக்கு எழுதும் கிராணி சொன்னார். கூலிகள் நாங்கள் குடியிருந்த லயத்தில் யார் நம்பினார்கள்? மந்திரம் என்றே முடிவு கட்டிவிட்டார்கள். மந்திரம் சொன்னால் அது சாமிதானே.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம் அம்மா அந்தக் கல்லைக் கழுவி, மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, செம்பருத்தி சாத்தினாள். பூப் பறித்துக் கொடுத்தவன் நான்.

மறுநாள் காலை கிராணி லயத்துக்கு வந்து கத்தினார். "துரை கல்லுல மஞ்சள் பூசுனது எவ? துரை அங்கயே நிக்கிறாரு."

"நீ வாயத் தெறக்காத. வேலையும் போயி லயமும் போச்சுன்னா எங்க போய் நிக்கிறது?" என்று அப்பா அம்மாவிடம் மெதுவாகச் சொன்னார். அம்மா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு நடந்தாள். நான் பின்னால் ஓடினேன்.

துரையின் முன்னால் அவள் தலை நிமிரவில்லை. "நான்தாங்க பூசுனேன். கப்பல்ல வர்றப்ப என் பொண்ணு செத்துப்போச்சு. கடல்ல போட்டுட்டாங்க. பூ வைக்க எனக்கு ஒரு இடமில்லீங்க. அதான் இந்தச் சாமிகிட்ட அதுக்கும் சேத்து வச்சேன்."

கிராணி அதைத் துரைக்குச் சொல்லி முடிக்க வெகுநேரம் ஆனது. துரை பிரம்பால் கல்லின் அடியில் தட்டி, "கொசோங்" என்றார். காலி என்பதற்கு மலாய்ச் சொல், எனக்கே தெரியும். குண்டு விழுந்த இடத்தில் தம்பியின் உடம்பு கிடைக்கவே இல்லையாம், அடியில் யாரும் இல்லையாம் என்று கிராணி விளக்கினார். துரை அவரிடம் இன்னும் ஏதோ சொல்லிவிட்டு பங்களாவுக்கு நடந்துவிட்டார்.

"பூவ எடுக்க வேணாமாம். இனிமேயும் வைக்கலாமாம்" என்ற கிராணி, தன் அதிகாரத்துக்கு ஒன்றைச் சேர்த்துக்கொண்டார். "எழுத்து மேல மட்டும் மஞ்சள அப்பாத."

வேலை போகவில்லை. ஆனாலும் அம்மா அந்த இடத்திலேயே உட்கார்ந்து அழுதாள். கப்பலை விட்டு இறங்கிய நாளிலிருந்து அவள் அழுது நான் பார்த்ததில்லை. ஆளில்லாத கல்லுக்குப் பூ வைத்து ஏமாந்துவிட்டோமே என்று அழுகிறாள் என நினைத்தேன்.

"அழாதம்மா. உள்ள ஆளு இருக்கிற கல்லா வேற ஒண்ணு பாப்போம்" என்றேன்.

அவள் என்னை இழுத்து மடியில் வைத்துக்கொண்டாள். நான் சொன்னதுதான் அவளைத் தேற்றியது என்று வெகுகாலம் நம்பியிருந்தேன்.