காது வைக்காத சுழலி

அக்கா வீட்டில் இரண்டு கட்சி. அக்காவுக்கு வாவிக்கரை வட்டையில், அந்த வயல்வெளியில், ஒரு வயல், அத்தானுக்கு வாவியில் தோணி. வீடும் வயலும் அக்காவின் சீதனம். தோணி ஒன்றுதான் அத்தான் கொண்டுவந்தது. வருசத்தில் முக்கால்வாசி நாளும் இரண்டு பேரும் நல்லாகத்தான் இருப்பார்கள். மாரி மழை தொடங்கினால்தான் வினை.

வாவி கடலோடு சேருகிற இடத்தை நாங்கள் ஆத்துவாய் என்போம். கோடையில் அதை மணல் மூடிவிடும். மாரியில் வெள்ளம் ஏறும்போது அந்த மணலை வெட்டிவிட வேண்டும். வெட்டினால் வயல் தப்பும், ஆனால் விளைந்துகொண்டிருக்கிற இறால் வெள்ளத்தோடு கடலுக்குப் போய்விடும். வெட்டப் பிந்தினால் இறால் கொழுக்கும், வயலில் நிற்கிற வேளாண்மை அழுகும். எப்போது வெட்டுவது என்று அரசாங்கக் கந்தோரில் கூட்டம் வைப்பார்கள். அதே கூட்டம் அதற்கு முன்னமே எங்கள் குசினி அடுப்படியில் நடந்து முடிந்திருக்கும்.

நான் அந்த வீட்டுப் பின்னறையில் இருந்து கதை எழுதுகிறவள். அக்காவின் சோற்றைத் தின்றுகொண்டு இல்லாத ஊர்களைப் பற்றி எழுதுவது என் தொழில். அப்போது எழுதிக்கொண்டிருந்த நாவல் இரண்டு நிலவு காய்கிற ஓர் உலகத்தைப் பற்றியது. அங்கே காலத்துக்கு ஒரு தெய்வம் இருந்தாள், பெயர் சுழலி. விதையை மரமாக்கி, மரத்தை மண்ணாக்கி, மண்ணிலிருந்து திரும்பவும் விதையை எடுப்பவள். ஒவ்வொரு பருவத்தின் கதவையும் முறைப்படி திறப்பாள், முறைப்படி சாத்துவாள். அவளுக்குக் கண் வைத்தேன், கை வைத்தேன். காது வைக்கவில்லை. யாரோ அழுகிறார்கள் என்று காலம் நின்றுகொண்டா இருக்கும்? அந்த யோசனையில் எனக்குக் கொஞ்சம் திமிரும் இருந்தது.

சோறு தின்னும்போது இதைச் சொல்லி மாட்டிக்கொண்டேன்.

“காது இல்லாத அம்மாளா?” அக்கா அகப்பையோடு என் பக்கம் கிறுகினாள். “என்னகா இது? நாம அம்மாளை ஏசுறமே, அதை அவ கேக்க வேணாமா?”

“ஏசினா மழை நிக்குமா?”

“நிக்காது. எண்டாலும் கேக்கணும்.”

அத்தான் மீன் முள்ளை எடுத்தபடி, “புள்ள, தை பிறக்குமட்டும் ஆத்துவாயச் சாத்தியே வைக்கச் சொல்லி அவவிட்டச் சொல்லு” என்றார்.

“ஓம், மறுகா என்ர வேளாண்மைய நீங்க வந்து விதைச்சுத் தாங்க” என்றாள் அக்கா.

நான் சோற்றுக்கோப்பையைத் தூக்கிக்கொண்டு பின்னறைக்குப் போய்விட்டேன். சுழலி கொடுத்துவைத்தவள் என்று பட்டது.

அந்த மாரி பொல்லாத மாரி. வட்டையிலேயே தாழ்வான வயல் அக்காவினது; பயிரின் நுனி மட்டும் தண்ணீருக்கு மேலே தெரிந்தது. அக்கா சேற்றுக் காலோடு வந்து சாப்பிடாமல் படுத்தாள். கூட்டத்தில் கமக்காரர்கள் வெட்டச் சொன்னார்கள், மீன்காரர்கள் ஒரு கிழமை பொறுக்கச் சொன்னார்கள். அப்போது மீன்காரர் இருந்த வாங்கிலிருந்து அத்தான் எழும்பி, “வெட்டுங்க” என்றாராம். மறுநாள் வெட்டினார்கள். வயல் தப்பியது. அத்தானின் வலைக்கு அந்த முறை சேறும் பாசியும்தான் அகப்பட்டன. பெண்சாதிக்குப் பயந்தவன் என்று தோணித்துறையில் ஒரு பட்டமும் கிடைத்தது.

“எனக்காகவா சொன்னீங்க?” என்று அக்கா கேட்டாள்.

“நெல்லுக்கு” என்றார் அத்தான்.

அதோடு கதை முடிந்தது. எனக்கு எரிச்சலாக வந்தது. ஒரு நல்ல வார்த்தை சொன்னால் இவர்கள் வாயிலிருந்து முத்தா கொட்டிவிடும்?

அடுத்த மாரியும் வந்தது. என் நாவல் முடியவில்லை, வெள்ளம் மட்டும் நேரத்துக்கு வந்துவிட்டது. திரும்பவும் பயிரின் நுனிதான் தெரிந்தது. ஆனால் இந்த முறை அத்தானின் நிலைமை வேறு. போன வருச உழைப்பில் காசு மிஞ்சவில்லை. இந்த இறாலும் போனால் தோணியை விற்க வேண்டியதுதான். அவர் அதை வீட்டில் வாய் திறந்து சொல்லவில்லை. தோணியை விலைபேச ஒரு மனிதர் படலைவரை வந்துவிட்டுப் போனார். அக்கா அதைக் கண்டுவிட்டாள்.

அன்றைய கூட்டத்துக்கு அக்காவோடு நானும் போனேன். கமக்காரர்கள் எல்லாரும் ஒரே குரலில் வெட்டச் சொன்னார்கள். அக்கா எழும்பினாள்.

“முதல்ல தாழுறது என்ர வயல். நானே பொறுக்கிறன். இறால் விளையட்டும், ஒரு கிழமை பாப்பம்.”

“உங்களுக்கென்ன விசரா?” என்று பின்னாலிருந்து ஒருவர் கத்தினார்.

“ஓம்” என்றாள் அக்கா. தாழ்வயல்காரியே பொறுக்கிறேன் என்ற பிறகு மேட்டுவயல்காரர்கள் என்ன சொல்வது? கிழமை தள்ளிப்போனது.

நாங்கள் வீடு வந்து சேர்ந்த பின்னேரமே மழை ஊற்றத் தொடங்கியது. அத்தான் முற்றத்தைப் பார்த்தபடி வாசலில் நின்றார். “ஏன் அப்பிடிச் சொன்னாய்?” என்று ஒரே ஒரு தரம் கேட்டார்.

“இறாலுக்கு” என்றாள் அக்கா. தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள்.

நான் பின்னறைக்குப் போய்க் கணினியைத் திறந்தேன். வெள்ளத்தில் நின்று ஊரே சுழலியை மன்றாடுகிற அத்தியாயம். அவள் திரும்பியும் பார்க்காமல் நடந்து போகிறாள். சும்மா சொல்லக்கூடாது, நன்றாகத்தான் எழுதியிருந்தேன். கூரையில் மழை இரைந்தது. எனக்கு அழுகை வந்துவிட்டது. ஒரு கிழமைக்கு இதை நிப்பாட்டு தாயே, அக்காவுக்கு அந்த வயலை விட்டால் வேறென்ன இருக்கிறது என்று சொல்லி, அந்தத் திரைக்கு முன்னால் இரண்டு கையையும் கூப்பினேன். நானே உருவாக்கியவளை நானே கும்பிட்டேன். கூப்பிய கை கனநேரம் இறங்கவில்லை.

மழை நிற்கவில்லை. கிழமை கழித்துத்தான் ஆத்துவாய் வெட்டினார்கள். அக்காவின் வயலில் பாதி அழுகிப்போனது. தோணியை விற்கத் தேவை வரவில்லை, அத்தான் அதில்தான் தொழிலுக்குப் போகிறார்.

முதல் பிடித்த இறாலில் பெரியதாகப் பார்த்து அவர் வீட்டுக்குக் கொண்டுவந்தார். அக்கா கோது உரித்துக்கொண்டே என்னைப் பார்த்தாள்.

“இப்பயாச்சும் உன்ர அம்மாளுக்குக் காது வெச்சியாகா?”

“இல்லை” என்றேன்.

வைத்திருக்கலாம். ஆனால் காதிருந்தால், நான் கும்பிட்டதைக் கேட்டும் அவள் மழையை நிப்பாட்டவில்லை என்றாகிவிடும்; பிறகு அந்தப் பாதி வயலுக்காகச் சுழலியை நான் மன்னிக்க வேண்டிவரும். என்னால் அது முடியாது.