கடல்பாசியில் கிரான்பெர்ரி

முதல் தடவை அது உறையவில்லை. இரண்டாம் தடவையும் உறையவில்லை. மூன்றாம் தடவை பாத்திரத்தைச் சாய்த்துப் பார்த்தேன். சிவப்புக் கஞ்சி மாதிரி ஒரு பக்கமாக ஓடி வந்தது. அடுப்படித் தரையில் உட்கார்ந்து அழுதேன். ஒரு ஜெல்லிக்காகவா ஒரு பொம்பளை அழுவாள் என்று கேட்பவர்களுக்கு நான் பதில் சொல்லப் போவதில்லை. அந்த டிசம்பரில் என் இடத்தில் இருந்து பார்த்தவர்கள் மட்டும் கேட்கட்டும்.

என் வீட்டுக்காரர் துபாயில் ஒரு கம்பெனியில் டிரைவர். கம்பெனி கார்தான், ஆனால் ஓட்டுவதெல்லாம் அங்கே பெரிய அதிகாரியாக இருந்த ஒரு கனடாக்காரருக்கும் அவருடைய மனைவிக்கும். நாங்கள் அவர்களை சார், மேடம் என்றுதான் சொல்லுவோம். அந்த சாருக்கு இரண்டு டிரைவர்கள். ஒருவர் என் வீட்டுக்காரர், இன்னொருவர் பெஷாவர்க்கார பாய். வருஷக் கடைசியில் ஆட்களைக் குறைக்கப் போகிறார்கள், இரண்டு டிரைவரில் ஒருவர்தான் இருப்பார், யார் என்பதை சார்தான் சொல்லுவார் என்று ஆபீஸில் பேச்சு வந்தது. அன்றிலிருந்து என் வீட்டுக்காரர் சோற்றைப் பிசைவார், சாப்பிடமாட்டார்.

அவருடைய விசாவில்தான் நானும் மகளும் இருந்தோம். மகள் அந்த வருஷம் பத்தாவது. இரண்டு மாதத்தில் பொதுப் பரீட்சை. வாப்பாவின் விசா போனால் எங்களுடையதும் போகும். ஷார்ஜாவில் நாங்கள் இருந்த ரோலாவிலிருந்து மூட்டை கட்டிக்கொண்டு ஊருக்குப் போய், நடு வருஷத்தில் எந்தப் பள்ளிக்கூடத்தின் வாசலில் நிற்பது? எங்கள் ஊரில் தமிழ் எழுதத் தெரியாத பத்தாவது பிள்ளையை யார் சேர்ப்பார்கள்? இதைத்தான் நான் வெங்காயம் நறுக்கும்போதும் துணி மடிக்கும்போதும் யோசித்துக்கொண்டிருந்தேன். வேறு எதுவும் மண்டையில் ஏறவில்லை.

அப்படி இருக்கும்போது ஒருநாள் அவர் ஒரு பெரிய பையோடு வீட்டுக்குள் வந்தார். முகத்தில் ரொம்ப நாளைக்குப் பிறகு ஒரு தெளிச்சி.

"புள்ள, உன் கையிலதான் இருக்கு இனி" என்றார்.

விஷயம் இதுதான். காரில் போகும்போது மேடம் தன் தங்கையோடு போனில் பேசியிருக்கிறார். கிறிஸ்துமஸ் சாப்பாட்டுக்கு அவர்கள் வீட்டில் எந்த வருஷமும் தவறாமல் ஒரு கிரான்பெர்ரி சாலட் இருக்குமாம். அவருடைய அம்மா செய்வதாம். இந்த வருஷம் முடியவில்லை, வீட்டில் அவ்வளவு வேலை, அடுப்படிச் சாமானைக்கூட எடுத்துக் கட்டி வைத்தாகிவிட்டது என்று வருத்தப்பட்டிருக்கிறார். வீட்டுக்கு பெயிண்ட் அடிக்கிறார்கள் போல என்று இவர் நினைத்துக்கொண்டார். உடனே வண்டியை ஓட்டிக்கொண்டே, "மேடம், மை வைஃப் மேக்" என்றிருக்கிறார். நான் அந்தப் பழத்தைக் கண்ணால் பார்த்ததுகூடக் கிடையாது.

"உங்களுக்குப் புத்தி இருக்கா மச்சான்? எனக்கு அதப்பத்தி என்ன தெரியும்?"

"நோன்புக்கு நீ போடுற கடப்பாசி மாதிரிதான் புள்ள. செவப்பா இருக்கும், அவ்வளவுதான். மேடம் சந்தோஷப்பட்டா சார்ட்ட ஒரு வார்த்த சொல்ல மாட்டாங்களா?"

சொல்லிவிட்டு என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார். அந்தப் பார்வையில் எனக்குத் திட்ட வந்ததெல்லாம் நின்றுபோனது.

பையில் நடுவே ஓட்டை வைத்த வளைய அச்சு ஒன்று, உறைந்த பழப் பாக்கெட்டுகள், ஒரு அன்னாசி டின், ஆப்பிள், ஆரஞ்சு, அக்ரூட் பருப்பு, செலரி என்று ஒரு தண்டு, கடைசியில் ஜெலட்டின் டப்பா. பழம் பார்ப்பதற்குக் களாக்காய் மாதிரி இருந்தது. ஒன்றைக் கடித்தேன். புளிப்பு காது வரைக்கும் ஏறியது. மேடம் போனில் செய்முறை சொன்னார், மகள் ஸ்பீக்கரில் போட்டுத் தமிழாக்கினாள். பழத்தைச் சர்க்கரையோடு வேகவிட்டு, ஜெலட்டின் கலந்து, ஆறியதும் மற்றதையெல்லாம் போட்டு அச்சில் ஊற்றி ஃப்ரிட்ஜில் வைக்க வேண்டும். அதைக் கறியோடு தொட்டுக்கொண்டு சாப்பிடுவார்களாம். எங்களுக்கு சாலட் என்றால் வெங்காயமும் வெள்ளரிக்காயும். இனிப்பு ஜெல்லிக்குள் தண்டையும் கொட்டையையும் போட்டு சாலட் என்கிறார்களே, என்ன ஜென்மங்களோ என்று நினைத்துக்கொண்டேன். ஆனால் வேலை போகாமல் இருக்குமென்றால் அதற்குள் கருவாட்டைப் போடச் சொன்னாலும் போட்டிருப்பேன்.

ஜெலட்டினை மட்டும் நான் தொடவில்லை. அது மாட்டு எலும்போ வேறு எதுவோ, யாருக்குத் தெரியும். டப்பாவில் ஹலால் என்று போட்டிருக்கிறது என்று அவர் காட்டினார். இந்த நாட்டில் அப்படிப் போடாமல் விற்க முடியுமா என்றும் கேட்டார்.

"அறுத்தப்ப நீங்க பக்கத்துல நின்னீங்களா?" என்றேன்.

"உம்மா, ஜஸ்ட் யூஸ் இட், ப்ளீஸ். ரிஸ்க் எடுக்காதீங்க" என்றாள் மகள்.

நான் கேட்கவில்லை. என் கையால் செய்வதில் எனக்கே சந்தேகம் இருக்கக்கூடாது. அதுவும் துஆ கேட்டுக்கொண்டே செய்கிற காரியத்தில். எங்கள் வீடுகளில் கடல்பாசிதான், கடையில் சைனா கிராஸ் என்று விற்பது. ரமலான் முழுக்க நோன்பு திறக்க பாலில் போட்டு, ரோஸ்மில்க் கலந்து, இளநீரில் என்று எத்தனை விதமாகப் போட்டிருக்கிறேன். கை அசந்தாலும் அது உறையும். வெளியே வைத்தாலே உறையும்.

அதனால் எப்போதும் போலவே செய்தேன். பழத்தையும் சர்க்கரையையும் கடல்பாசியையும் ஒரே சட்டியில் போட்டுக் காய்ச்சினேன். பழம் பட் பட்டென்று வெடித்துச் சிவந்தது. ஆரஞ்சுத் தோலைத் துருவிப் போட்டதும் வாசனை நன்றாகத்தான் இருந்தது. அச்சில் ஊற்றி வைத்தேன். சாயங்காலம் அசர் தொழுதுவிட்டு வந்து தொட்டால் விரல் உள்ளே போனது.

எங்கள் ஊரில் பாசி உறையவில்லை என்றால் பெண்கள் சொல்லுகிற காரணம் ஒன்றுதான். காய்ச்சியது போதவில்லை. இன்னும் காய்ச்சு. நானும் மறுபடி சட்டியில் கொட்டி, இன்னும் ஒரு பிடி பாசி போட்டு, கை ஓயும்வரை கிண்டினேன். உறையவில்லை. புதிதாக ஒரு பாக்கெட்டைப் பிரித்து இன்னும் அதிக நேரம் கொதிக்கவிட்டேன். முன்பைவிட மோசம். காய்ச்சக் காய்ச்ச அது தண்ணீராகிக்கொண்டே போனது. எனக்குப் பைத்தியம் பிடித்தது. தொழுகையில் குறையோ, யாராவது கண் வைத்தார்களோ, பெஷாவர்க்காரருக்கும் பிள்ளைகள் இருக்கிறார்களே, அவர் வயிற்றில் அடிக்க நினைத்ததால்தான் நமக்கு இப்படியோ என்றெல்லாம் மனம் போனது. அவருக்கு நான் கெடுதல் நினைக்கவில்லை, அல்லாஹ்வுக்குத் தெரியும். எங்களுக்கு நல்லது நினைத்தேன், அவ்வளவுதான். ஆனால் இரண்டும் ஒன்றாகிவிடுகிற மாதிரி அந்த சார் செய்து வைத்திருந்தாரே.

மிச்சம் ஒரே பாக்கெட். மறுநாள் மதியம் விருந்து. வீட்டுக்காரர் வழியிலிருந்த பெரிய கடைகளில் எல்லாம் ஏறி இறங்கிவிட்டு வெறுங்கையோடு வந்தார். பண்டிகைக்கு எல்லாம் வாரிக்கொண்டு போய்விட்டார்களாம். ஜெலட்டின் டப்பா ஷெல்பில் இருந்தது. அவர் அதை ஒருமுறை பார்த்தார், என்னை ஒருமுறை பார்த்தார். வாயைத் திறக்கவில்லை. திறந்திருந்தால் நான் பதிலுக்குக் கத்தியாவது இருப்பேன்.

"உம்மா, நானும் ஊருக்குப் போய் நெக்ஸ்ட் இயர் எழுதிக்கிறேன். இட்ஸ் ஓகே" என்றாள் மகள்.

அந்த 'இட்ஸ் ஓகே'தான் என்னைக் கொன்றது. கையிலிருந்த கணக்குப் புத்தகத்தை அவள் மூடி வைத்துவிட்டிருந்தாள்.

"ஒண்ணும் வேணாம். போய்ப் படி நீ" என்று விரட்டினேன்.

கடைசிப் பாக்கெட்டைச் சர்க்கரையோடு மட்டும் வேகவைத்தேன். பாசியைப் போடக் கை வரவில்லை. போட்டுக் கெட்டுவிட்டால் இதுவும் போச்சு. அதை அப்படியே இறக்கி வைத்துவிட்டு, பிள்ளை காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லையே, பாலில் ஒரு பாசியாவது போட்டுக் கொடுப்போம் என்று வேறு சட்டியில் தண்ணீர் வைத்துப் பாசியைக் கரைத்தேன். நன்றாகக் கரைந்து, கண்ணாடி போல வந்தது. பாலை ஊற்றப் போனவள் நின்றேன். எனக்கு வந்தது யோசனை இல்லை, ஆத்திரம். இதில் உறைகிற பாசி அதில் மட்டும் ஏன் உறையமாட்டேன் என்கிறது, என்னை என்ன கேலி செய்கிறதா என்று, வெதுவெதுப்பாக இருந்த பழக்கூழை அப்படியே அந்தச் சட்டியில் கவிழ்த்தேன். அன்னாசி, ஆப்பிள், தண்டு, கொட்டை எல்லாவற்றையும் அள்ளிப் போட்டேன். அச்சில் ஊற்றிவிட்டு, திரும்பிக்கூடப் பார்க்காமல் தொழப் போனேன்.

வந்து தொட்டேன். விரல் போகவில்லை.

பழத்தின் புளிப்போடு சேர்த்துக் கொதிக்கவிட்டதுதான் பாசியின் கதையை முடித்திருக்கிறது. பாலோடு கொதித்தால் தாங்கும், புளிப்போடு கொதித்தால் தாங்காது. நான் காய்ச்சிக் காய்ச்சி என் கையாலேயே கெடுத்திருக்கிறேன். அதெல்லாம் பிறகு புரிந்தது. அப்போது நான் மகளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் அச்சின் மேல் குனிந்து, ஏதோ பிறந்த குழந்தையைப் பார்க்கிற மாதிரி பார்த்துக்கொண்டிருந்தார். நாங்கள் மூன்று பேரும் சிரித்தோம். எல்லாம் சரியாகிவிடும் என்று நான் முழுதாக நம்பினேன்.

மறுநாள் அதை என் மடியில் வைத்துக்கொண்டு நானே போனேன். அவர் ஒவ்வொரு வேகத்தடையிலும் வண்டியை எறும்பு மாதிரி ஏற்றி இறக்கினார். ஜெல்லிக்காக ஏசியை முழுசாக வைத்திருந்தார்; நான் துப்பட்டாவை இழுத்துப் போர்த்திக்கொண்டேன்.

வில்லாவுக்குள் நுழைந்ததும் பெயிண்ட் வாசனை எதுவும் வரவில்லை. ஹாலில் சுவரோரம் அட்டைப்பெட்டிகள் கூரை வரைக்கும் அடுக்கியிருந்தன. சுவரில் படம் மாட்டியிருந்த இடமெல்லாம் ஆணி மட்டும். சோபா இல்லை. நடுவில் ஒரு மேசையும் நாலைந்து பிளாஸ்டிக் நாற்காலியும். என் வீட்டுக்காரர் என் கையைத் தொட்டார். இத்தனை நாளும் வாசலோடு நின்றவர் அவர், உள்ளே வந்து பார்த்திருக்கவில்லை.

மேடம் ஓடிவந்து என்னைக் கட்டிக்கொண்டார். அச்சைத் தட்டில் கவிழ்த்தார். வளையம் உடையாமல், பளபளவென்று சிவப்பாக வந்து உட்கார்ந்தது. கரண்டியால் தட்டிப் பார்த்து, அம்மா செய்தது ஆடும், இது ஆடவே மாட்டேன் என்கிறதே என்று சிரித்தார். ஒரு வாய் சாப்பிட்டார். சிரித்துக்கொண்டிருந்தவர் அப்படியே அழ ஆரம்பித்தார்.

சார் எங்களை உட்காரச் சொன்னார். அந்த வீட்டு மேசையில் நாங்கள் உட்கார்ந்தது அன்றைக்குத்தான். என் வீட்டுக்காரர் நாற்காலி நுனியில் உட்கார்ந்துகொண்டு, பெட்டிகளைக் கையால் காட்டி, "சார், வாட் ஹேப்பன்?" என்றார்.

சார் மெதுவாக, எங்களுக்குப் புரிகிற மாதிரி சின்னச் சின்ன வார்த்தையாகச் சொன்னார். கம்பெனி அவரையும் அனுப்பிவிட்டது. அடுத்த வாரம் கிளம்புகிறார்கள். அவருடைய பிரிவையே மூடுகிறார்கள். ஒரு டிரைவரையாவது வைத்துக்கொள்ளுங்கள் என்று கேட்டுப் பார்த்தாராம். சாப்பாடு முடிந்து சொல்லலாம் என்று இருந்தாராம்.

"போத் டிரைவர், கலாஸ்" என்றார், முடிந்தது என்று கையை விரித்து. "ஐ ஆம் சாரி, பாய்."

என் வீட்டுக்காரர் தலையை ஆட்டினார். "நோ ப்ராப்ளம் சார்" என்றார். அந்த வார்த்தையை அவர் ஏன் சொன்னார் என்று எனக்கு இன்றுவரை ஆத்திரம் தீரவில்லை. யார் மேல் கோபப்படுவது என்றும் தெரியவில்லை. எதிரே உட்கார்ந்திருந்தவர்கள் எங்களைப் போலவே பெட்டி கட்டியவர்கள். மேடம் என் தட்டில் ஒரு துண்டு வைத்தார். சாப்பிட்டேன். நன்றாகத்தான் இருந்தது.

திரும்பி வந்துகொண்டிருந்தோம். ஷார்ஜா ரோட்டில் வண்டிகள் நகராமல் நின்றன. மகள் போன் செய்தாள்.

"உம்மா, செட் ஆகியே இருந்துச்சா? ஒடையலையே?"

"ஒடையலம்மா."

"மேடம் சாப்பிட்டாங்களா? புடிச்சிருந்துச்சா?"

"ரெண்டாந்தடவையும் போட்டுச் சாப்பிட்டாங்க. அழுதுட்டாங்க."

"அல்ஹம்துலில்லாஹ்! நா சொன்னேன்ல உம்மா! அப்ப வாப்பாவ வெச்சுக்குவாங்க!"

நான் வாயைத் திறப்பதற்குள் அவள் அங்கே குதிக்கிற சத்தம் கேட்டது. அவர் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி நேராகப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கும் எல்லாம் கேட்டது.

"சரி உம்மா, வெச்சிடுறேன். மேத்ஸ் போடப் போறேன், வந்து என்னய டிஸ்டர்ப் பண்ணாதீங்க ரெண்டு பேரும்" என்று சொல்லி வைத்துவிட்டாள்.