வெளிமாநிலத்தவர் இறங்கக் கூடாத படித்துறை

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இந்தப் பதிவில் வரும் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. பொதுப் படித்துறையில் குளிக்க இந்த நாட்டின் எந்தக் குடிமகளுக்கும் உரிமை உண்டு. ஆனால் படியில் நிற்கும் பெண்கள் ‘நீ இறங்காதே’ என்று சொல்லிவிட்டால், அவள் அந்த உரிமையை வைத்துக்கொண்டு என்ன செய்வாள்?

போன ஐப்பசியில், மழை சற்று விட்டிருந்த வாரத்தில், மூன்று நாள் விடுப்பு எடுத்தேன். தாமிரபரணியின் படித்துறைகள் சிலவற்றில் குளித்துவிட்டுத் திரும்புவது என்பதற்கு மேல் திட்டம் இல்லை. சென்னையிலிருந்து இரவு ரயிலில் திருநெல்வேலி. அங்கிருந்து ஏழு மணியை ஒட்டிப் புறப்படும் செங்கோட்டை பாசஞ்சரில் சேரன்மகாதேவி. பத்து ரூபாய் டிக்கெட், அரை மணிக்குச் சற்று மேல். வலப்பக்க ஜன்னலா இடப்பக்க ஜன்னலா என்று யோசிக்க வேண்டாம், இரண்டு பக்கமும் வாழையும் நெல்லும்தான்.

நிலையத்துக்கு வெளியே கிடைத்த ஆட்டோக்காரர் சாகுல். ஆற்றங்கரை ஊர் ஒன்றின் பெயரைச் சொன்னேன். (அதை இங்கே எழுதப் போவதில்லை. காரணம் போகப் போகத் தெரியும்.) ஏழு கிலோமீட்டர், நூற்றெண்பது ரூபாய்.

“அங்கன என்ன விசேஷம்க்கா?”

“குளிக்கணும்.”

“குளிக்கதுக்கா மெட்ராஸ்ல இருந்து வாரிய? அங்க குழாய்ல தண்ணி வரதில்லையா?”

வருகிறது, சில நாள் என்றேன். அதற்குப் பிறகு ஊர் வரும்வரை தனக்குத்தானே சிரித்துக்கொண்டு ஓட்டினார்.

துறை அழகானது. அகலமான கற்படிகள், ஓரத்தில் தண்ணீருக்குள் பாதி இறங்கிய ஒரு சிறிய கல்மண்டபம், மழைநீரில் லேசாகக் கலங்கிய ஆறு. மேல்படியில் ஊராட்சி நிதியில் செப்பனிட்டதாகக் கல் பதித்திருக்கிறார்கள். அந்தக் கல்லுக்குப் பக்கத்திலேயே தகரப் பலகை: ‘வெளிமாநிலத் தொழிலாளர்கள் இத்துறையில் இறங்கக் கூடாது. இப்படிக்கு, ஊர்ப் பொதுமக்கள்.’

நான் சட்டம் படித்தவள், வழக்காடியதில்லை. படித்ததில் பெரும்பகுதி மறந்துவிட்டது. ஆனால் அரசியலமைப்பின் பதினைந்தாம் பிரிவு மறக்கவில்லை. மதம், இனம், சாதி, பால், பிறந்த இடம் என்பதை மட்டும் காரணம் காட்டி எந்தக் குடிமகனையும் பொதுக் கிணற்றிலிருந்தோ குளத்திலிருந்தோ படித்துறையிலிருந்தோ விலக்கக் கூடாது. படித்துறை என்று பெயர் சொல்லியே எழுதியிருக்கிறார்கள். மாணவியாக இருந்தபோது, இவ்வளவு பெரிய சட்டத்தில் படித்துறைக்கு என்ன வேலை என்று நினைத்தது உண்டு.

பலகையைப் பார்த்துக்கொண்டு நின்றேன். கீழே துவைத்துக்கொண்டிருந்த ஒரு பெண் என்னைக் கூப்பிட்டாள். நாற்பது வயதிருக்கும். பெயர் பேச்சியம்மாள் என்று பிறகு தெரிந்தது.

“நீங்க இறங்குங்க. அது உங்களுக்கு இல்ல.”

“நானும் வெளியூர்தானே.”

“வெளியூரு வேற, வெளிமாநிலம் வேற.”

“சட்டத்தில் இரண்டும் ஒன்றுதான்” என்றேன்.

பக்கத்துக் கல்லில் இருந்தவள் குரல் கொடுத்தாள். “ஏட்டி, சட்டம் படிச்ச அம்மா வந்திருக்காவ. சோப்பைப் பையப் போடுங்க, கேஸ் ஆயிரும்.” எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், வேறு வழியில்லை. பேச்சியம்மாள் மட்டும் சிரிக்கவில்லை.

“என் தம்பி செத்துப் பதினாறாம் நாளு, அவன் ஊதாச் சட்டைய இந்தப் படியிலதான் ஆத்துல விட்டோம். பத்து நாளு கழிச்சுத் துவைக்க வாரேன், அதே சட்டையப் போட்டுக்கிட்டு ஒருத்தன் முதுகக் காட்டிக்கிட்டு நிக்கான். ‘ஏலே ஐயா’ன்னு கூப்பிட்டுட்டேன். திரும்புனா வேற மொகம்.”

இறந்தவர் உடுத்தியதை ஆற்றோடு விடுவது இந்தப் பக்கத்து வழக்கம். அதை யாரும் திரும்ப எடுப்பதில்லை. கரையில் ஒதுங்கிய நல்ல சட்டையை எடுத்துப் போட்டுக்கொண்டவர் அரிசி ஆலைக்கு ஒடிசாவிலிருந்து வேலைக்கு வந்தவர். அவருக்கு அது யாரோ குளிக்க வந்து தவறவிட்ட சட்டை.

“அவர் தெரியாமல் செய்தது இல்லையா?”

“தெரியாமத்தான். தெரிஞ்சு செஞ்சிருந்தா ஏசுனதோட விட்டிருப்பமா?”

“பக்கத்து முக்கூடல்காரர் ஒருவர் தெரியாமல் அதைப் போட்டிருந்தால்?”

“அவனையும் ஏசியிருப்போம்.”

“முக்கூடல்காரர்கள் இறங்கக் கூடாது என்று பலகை வைத்திருப்பீர்களா?”

அவள் துணியை ஓங்கி அடித்தாள், என் மேல் தெறித்தது.

குளிக்காமலே திரும்பினேன். கரையோரமாகக் கொஞ்ச தூரம் நடந்ததும், படி இல்லாத சேற்றுச் சரிவில் ஒரு பெண் நாணலைப் பிடித்துக்கொண்டு குளித்துக்கொண்டிருந்தாள். சட்டையை எடுத்தவரின் மனைவி, பெயர் சபிதா என்று அவளே சொன்னாள். பேசியபோது ஆச்சரியப்பட்டேன். ஆலையில் உடன் வேலை செய்யும் பெண்களிடம் கற்றது, அப்படியே நெல்லைத் தமிழ்.

“இங்கன சேறுக்கா. போன வாரம் கால் வழுக்கிட்டு. அவரு பிடிச்சாரு, இல்லன்னா போயிருப்பேன்.”

அவர்கள் கணக்கில் அது கார்த்திகை மாதம். மாதம் முழுக்க விடியுமுன் ஆற்றில் குளிக்க வேண்டும்; இருட்டில் இந்தச் சேற்றில் இறங்கப் பயந்து அவள் வெளிச்சம் வந்த பிறகே வருகிறாள். பௌர்ணமியன்று வாழைத்தண்டில் சிறு படகு செய்து, விளக்கேற்றி நீரில் விட வேண்டும். கடல் கடந்து வாணிபம் செய்யப் போன முன்னோர்களுக்காக. மறுநாள்தான் பௌர்ணமி. விளக்கைக் கையில் வைத்துக்கொண்டு இந்தச் சரிவில் இறங்க முடியாது.

“சட்டை என்னாச்சு?”

“அன்னைக்கே ஆலை உலையில போட்டாச்சு. அந்தக்கா அழுததப் பாத்துட்டு இவரு ரெண்டு நாளு சாப்பிடல.”

சட்டப்படி உன்னைத் தடுக்க முடியாது, நாளை உன்னோடு நானும் வருகிறேன் என்றேன். சபிதா கூந்தலை முறுக்கிப் பிழிந்தாள். “நீங்க வந்தாலும் வரலன்னாலும் நாளைக்குப் படியிலதான் இறங்குவேன். சேத்துல செத்தா யாருக்கு லாபம்?” உதவ வந்தவளுக்கு இதைவிட மரியாதையான பதில் கிடைக்காது.

ஊராட்சி அலுவலகத்துக்குப் போனேன். அங்கிருந்தவர் நிதானமானவர். “பலகைய நாங்க வைக்கல மேடம்.”

“அப்போது எடுத்துவிடலாமே.”

“நாங்க வைக்காதத நாங்க எப்படி எடுக்க?”

“துறை ஊராட்சியுடையதுதானே?”

“தொறை எங்களுது. பலகை ஊருது.”

ஆட்சியர் அலுவலகத்துக்கு மனு போடப் போகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். அன்று மாலையே இணையம் வழியாகப் போட்டேன். பலன் இருக்கும் என்று நான் நம்பவில்லை, ஆனாலும் போட்டேன்.

திரும்பும் வழியில் சாகுல் கேட்டார். “ஒங்களுக்கு எதுக்குக்கா இந்த வம்பு?” ஊரைத் தாண்டியதும் அவரே சொன்னார். “நான் ஆறு வருஷம் சவூதில இருந்தேன். இங்க நிக்காத, அங்க போகாதம்பான். சரி, அவன் நாடு, கேட்டுக்கிட்டேன். இந்தப் பிள்ளைக்கு இது அவ நாடுல்லா.” காலை ஐந்து மணிக்கு வருகிறேன் என்று அவராகவே சொன்னார். மறுநாள் காரையார் பக்கம் குளிக்கும் எண்ணத்தை விட்டுவிட்டு அம்பாசமுத்திரத்தில் தங்கினேன்.

போக நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். அம்பாசமுத்திரத்தில் எண்ணூறு ரூபாய்க்குச் சுத்தமான அறை கிடைக்கிறது. விடியற்காலை ஆட்டோவுக்குப் போக வர அறுநூறு, முந்தின நாளே பேசிவிடுங்கள். ஐப்பசி, கார்த்திகையில் மழை பெய்தால் ஆறு திடீரென ஏறும். துறையில் இருப்பவர்களைக் கேட்காமல் இறங்காதீர்கள். துவைகல் ஒவ்வொன்றுக்கும் ஆள் உண்டு, காலியாகத் தெரிந்தாலும் உட்காராதீர்கள். நேர்த்திக்காகவோ சடங்குக்காகவோ துணியை ஆற்றில் விடாதீர்கள். ஆறு எல்லாவற்றையும் கொண்டுபோவதில்லை. இது போன்ற பலகையைப் பார்த்தால் படம் எடுத்து மனுவோடு இணையுங்கள். ஆனால் பக்கத்தில் நிற்பவரிடம் ஏன் என்றும் கேளுங்கள். காரணம் பலகையை நியாயப்படுத்தாது, என்றாலும் அடுத்து யாரோடு பேச வேண்டும் என்று தெரியவரும்.

மறுநாள் நடந்தது இது.

ஐந்தரைக்கு நான் போனபோது சபிதா மேல்படியில் நின்றிருந்தாள். புதுப் புடவை, கையில் வாழைத்தண்டுப் படகு. அவள் கணவர் மேலே, சாகுலின் ஆட்டோ பக்கத்திலேயே நின்றுவிட்டார். கீழே ஐந்து பெண்கள், அவர்களில் பேச்சியம்மாளும். சபிதா பலகையைக் கடந்து இறங்கினாள். நான் இரண்டு படி பின்னால். இரண்டு பெண்கள் வாளிகளை எடுத்துக்கொண்டு குளிக்காமலே மேலேறிப் போனார்கள். மற்றவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டு துவைத்தார்கள். யாரும் தடுக்கவில்லை, யாரும் வா என்றும் சொல்லவில்லை.

சபிதா முழுகி எழுந்து, திரியை ஏற்றிப் படகை நீரில் விட்டாள். அது கொஞ்ச தூரம் போய், மண்டபத்தருகே வளைந்து, படிக்கே திரும்பி வந்தது. மறுபடி விட்டாள். மறுபடி வந்தது. தான் இந்தத் துறைக்கே ஆகாதவள் என்று அவள் நினைத்திருக்கலாம்.

“அங்கன விடாத பிள்ள.” பேச்சியம்மாள், திரும்பாமலே சொன்னாள். “அதுல சுழி இருக்கு, எல்லாத்தையும் கரைக்கே தள்ளும். மண்டபத்தத் தாண்டி வா.”

சபிதா அசையாமல் நின்றாள். பேச்சியம்மாள் துணியைக் கல்லில் போட்டுவிட்டு எழுந்து, மார்பளவு நீரில் மண்டபத் தூணைப் பிடித்துக்கொண்டு கையை நீட்டினாள். படகை வாங்கி, சுடர் அணையாமல் உள்ளங்கையால் மறைத்து, தூணுக்கு அப்பால் விட்டாள். ஆறு அதை எடுத்துக்கொண்டது. விளக்கு வளைவு திரும்பி மறையும்வரை இருவரும் தண்ணீரிலேயே நின்றார்கள்.

“அன்னைக்குச் சட்டைய நாங்களும் அங்கனதான் விட்டோம்” என்றாள் பேச்சியம்மாள், சபிதா படகை விட்டிருந்த படியைப் பார்த்து. “சுழி இருக்கது தெரியும். அழுகையில யாருக்கும் நெனப்பு வரல.”

பிறகு தன் கல்லுக்குப் போய்த் துவைக்க ஆரம்பித்தாள். நான் கிளம்பியபோது பலகை அங்கேயேதான் இருந்தது. சபிதா அதன் கீழே உட்கார்ந்து தலை துவட்டிக்கொண்டிருந்தாள்.