மாமா அனுப்பிய பைல்

எங்கள் வீட்டில் கனடாவிலிருந்து வந்த எதையும் யாரும் சந்தேகிக்கக் கூடாது. மாமா அனுப்பிய சொக்லேட் கரைந்து ஒட்டிப்போய் வந்தாலும் ருசிதான். அவர் அனுப்பிய சப்பாத்து கடித்தால் என் கால்தான் பிழை. இப்படியொரு வீட்டில் நான் எட்டாம் ஆண்டு படித்தேன்.

கொரோனா ஊரடங்கில் பாடமெல்லாம் போனில் நடந்தது. ஒருநாள் அப்டேட் ஓடும்போது சார்ஜ் இறங்கி, போன் பாதியில் அணைந்துவிட்டது. பிறகு கம்பனியின் சின்னத்தைக் காட்டுவதோடு சரி. சாவகச்சேரியில் போன் கடைகள் எல்லாம் பூட்டு. போனை இயக்கும் அடிப்படை மென்பொருளான பேம்வெயார் பைலைப் புதிதாக ஏற்றினால் உயிர் வரும். பிழையானதை ஏற்றினால் போனும் போச்சு, என் படிப்பும் போச்சு.

அம்மாவின் தமையனான கனடா மாமா, எங்கேயோ தேடிப்பிடித்து ஒரு பைலை அக்காவின் மடிக்கணினிக்கு அனுப்பினார். நான் அதைச் சோதித்தேன். வைரஸ் பார்க்கும் செயலி சிவப்பாகக் கத்தியது. கம்பனித் தளத்தில் போட்டிருந்த சரிபார்ப்பு எண்ணும் இதன் எண்ணும் ஒத்துவரவே இல்லை. யாரோ கைவைத்த பைல்.

"தானம் குடுத்த மாட்டைப் பல்லைப் பிடிச்சுப் பாக்கிறியோ? அண்ணை எங்களுக்குக் கேடு செய்வாரே?" என்று அம்மா சீறினார்.

மாமா கேடு செய்வார் என்று யார் சொன்னது? பைல்தான் கெட்டது! சொல்லிச் சொல்லி வாய் வலித்ததுதான் மிச்சம். எனக்கு வாய் கூடிவிட்டதாம். கடைசியில் கம்பனித் தளத்திலிருந்தே சரியான பைலை இறக்கி, எண்ணை ஒப்பிட்டுப் பார்த்து, நானே ஏற்றினேன். போன் எழும்பியது.

பின்னேரம் அதே போனில் மாமா வீடியோவில் வந்தார். அம்மா முகமெல்லாம் சிரிப்பாக, "ஓம் அண்ணை, நீங்கள் அனுப்பினதைப் போட்டுத்தான் சரிவந்தது" என்றார். பச்சைப் பொய்! மாமா சோதனை பாஸான பிள்ளைபோலச் சிரித்தார். எனக்கு உடம்பெல்லாம் பற்றியெரிந்தது.

அழைப்பு முடிந்ததும் அம்மாவிடம் சண்டைக்குப் போனேன். அவர் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

"நீ செய்தது எனக்குத் தெரியும். மாமாவுக்கு வேலை போயிட்டுது. எங்களுக்கு அனுப்ப அவரிட்டை இப்ப வேறை என்ன கிடக்கு?"

"அனுப்ப ஒண்டும் இல்லாட்டி சும்மா இருக்கலாம்தானே!" என்று கத்தினேன்.

அப்படிச் சும்மா இருப்பதற்குத்தான் மாமா பயந்துகொண்டிருந்தார் என்பது அந்த வயதில் எனக்கு விளங்கவில்லை.