டீச்சருக்கு வந்த பேப்பர் கப்

இதை எழுதலாமா வேண்டாமா என்று ஒன்பது வருடம் இழுத்துவிட்டேன். நோட்டை எடுப்பேன், இரண்டு வரி எழுதுவேன், கிழித்து அடுப்பில் போடுவேன். எழுத வராது என்பதால் இல்லை. எட்டாம் வகுப்போடு நின்றவன்தான் என்றாலும் எங்கள் ஊர்க் கோயில் நோட்டீஸை நான்தான் எழுதித் தருகிறேன். என் வீட்டு நாற்றம் வெளியே தெரிந்துவிடுமே என்ற பயம்தான் காரணம். இப்போது மகள் பத்தாம் வகுப்பு படிக்கிறாள். போன மாதம் ஒரு கேள்வி கேட்டாள். அதனால்தான் எழுதுகிறேன்.

எங்கள் ஊர் நயினார்கோவிலுக்குப் பக்கம். மிளகாய் போடுகிற பூமி. மாசி, பங்குனியில் மிளகாய்ப் பழம் பறிக்க ஊருக்குத் தெற்கே இருக்கிற தெருவிலிருந்து பெண்கள் வருவார்கள். என் அய்யா காலத்தில் அவர்களுக்குத் தண்ணீர் கொடுப்பதென்றால் சொம்பை உயரத் தூக்கி ஊற்றுவார்கள். குனிந்து, கையைக் குவித்துத்தான் குடிக்க வேண்டும். காபிக்கு, மாட்டுக்கொட்டகைக் கூரையில் செருகி வைத்த சிரட்டை. எனக்குச் சின்ன வயதிலேயே அது பிடிக்காது. வீடு என் கைக்கு வந்ததும் முதல் வேலையாகச் சிரட்டைகளைத் தூக்கி எறிந்தேன். பரமக்குடிக்குப் போய்க் கட்டுக் கட்டாகப் பேப்பர் கப் வாங்கி வந்தேன்.

வீட்டுக்கு வருகிற மற்றவர்களுக்குச் சில்வர் டம்ளர். களத்துக்கு வருகிறவர்களுக்குப் பேப்பர் கப். கழுவுகிற வேலை இல்லை, சுத்தமும்கூட என்று சொல்லிக்கொண்டேன். "எங்க வீட்டுல அந்தப் பழைய பழக்கமெல்லாம் கெடையாது" என்று கோயில் வாசலில் நாலு பேரிடம் பெருமை வேறு. சிரட்டையையாவது கழுவி மறுபடி வைத்தார்கள். அவர்கள் வாய் பட்டதை ஒரேயடியாக எறிந்துவிட நான் ஏற்பாடு செய்திருந்தேன். அது அப்போது எனக்கு உறைக்கவில்லை.

சாமி காரியத்தில் நான் குறை வைத்ததில்லை. அமாவாசை தவறாமல் நயினார்கோவில். வருடத்துக்கு ஒரு தரம் ராமேஸ்வரம் போய் இருபத்திரண்டு தீர்த்தமும் ஆடிவிட்டு வருவோம். சாயங்காலம் விளக்கேற்றியதும் மகளை மடியில் உட்கார வைத்துக்கொள்வேன்.

"சாமி எங்க இருக்காரு தாயி?"

"எல்லாருக்குள்ளயும் இருக்காருய்யா."

திருநீறு பூசி விடுவேன். நான் வாயால் சொல்லிக் கொடுப்பதைத்தான் பிள்ளை கற்கிறாள் என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

அவள் ஒன்றாம் வகுப்பு படித்த வருடம், பங்குனியில் ஒரு சனிக்கிழமை, அவளுடைய டீச்சர் வீட்டுக்கு வந்தார். பிள்ளைகள் எப்படிப் படிக்கிறார்கள் என்று வீடு வீடாகச் சொல்லிக்கொண்டு வந்தார். பரமக்குடியிலிருந்து பஸ்ஸில் வந்து போகிறவர், சின்ன வயதுக்காரர். வாசலையொட்டிக் களத்தில் பழம் காய்ந்துகொண்டிருந்தது. ஆட்கள் நிழலில் உட்கார்ந்து காம்பு கிள்ளிக்கொண்டிருந்தார்கள். டீச்சருக்கு நாற்காலி போட்டோம்.

"உங்க பொண்ணு ரொம்பக் கெட்டிக்காரிங்க. புளியங்கொட்டை, வேப்பங்கொட்டை, ஆமணக்கு எல்லாத்தையும் கலந்து கொட்டுனேன். நான் சொல்லியே தரல. உத்து உத்துப் பாத்து அவளாவே வகை வகையாப் பிரிச்சு வச்சுட்டா" என்றார்.

எனக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. என் மனைவி உள்ளே பார்த்து, "தாயி, டீச்சருக்குத் தண்ணி கொண்டா" என்றாள்.

அந்த நேரம் காம்பு கிள்ளிக்கொண்டிருந்த ஒரு அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து வந்தார்.

"ஏத்தா, நீயா! டீச்சரு டீச்சருங்கவும் யாரோன்னுல்ல நெனச்சேன். என் அக்கா மக!"

"நாந்தேன் சின்னம்மா. வத்தல் நெடியில கண்ணு தெரியலயாக்கும்?" என்று டீச்சர் சிரித்தபடி எழுந்து அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

மகள் சில்வர் டம்ளரில் தண்ணீரோடு நிலைப்படிக்கு வந்திருந்தாள். அங்கேயே நின்றாள். டீச்சரைப் பார்த்தாள். அந்த அம்மாவைப் பார்த்தாள். பிறகு திரும்பி உள்ளே போய்விட்டாள். வெட்கப்படுகிறாள் போல என்று நினைத்தேன். கொஞ்ச நேரத்தில் வந்தாள். இரண்டு கையாலும் பேப்பர் கப்பைப் பிடித்து, தண்ணீர் சிந்தாமல், மரியாதையாக டீச்சரிடம் நீட்டினாள்.

காம்பு கிள்ளிக்கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்து பார்த்தார்கள்.

டீச்சர் கப்பை வாங்கிக்கொண்டு, "மொதல்ல டம்ளர்ல கொண்டு வந்தியே பாப்பா, ஏன் மாத்திட்ட?" என்று மெதுவாகக் கேட்டார்.

"நீங்க அவங்க ஆளுதான டீச்சர்."

"யாரு சொன்னா?"

"யாரும் சொல்லல. நானே கண்டுபுடிச்சேன்."

சொல்லிவிட்டுச் சிரித்தாள். பள்ளிக்கூடத்தில் கிடைத்தது மாதிரி ஒரு சபாஷ் இங்கேயும் கிடைக்கும் என்று நின்றாள்.

நான் என்ன செய்தேன் தெரியுமா? பல்லைக் காட்டினேன். "சின்னப் பிள்ளைங்க, தெரியாமச் செஞ்சுட்டா" என்றேன். பொய். தெரிந்துதான் செய்தாள். எங்களிடம் தெரிந்துகொண்டதைத் துல்லியமாகச் செய்தாள். டீச்சர் தண்ணீரை முழுவதும் குடித்தார். கப்பைக் கீழே போடவில்லை. கசக்கிக் கைப்பையில் வைத்துக்கொண்டு, "வாரேன் சின்னம்மா" என்று அவரிடம் மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

டீச்சர் தலை மறைந்ததும் பிள்ளையை அடிக்கக் கையை ஓங்கினேன். அவள் மிரண்டு, "சரியாத்தானய்யா குடுத்தேன்?" என்றாள். என் மனைவி குறுக்கே வந்தாள். "அத ஏன் அடிக்கப் போறீக? நாம செய்யறதத்தான அதுவும் செஞ்சுச்சு?"

நான் கொட்டகைக்குப் பின்னால் போனேன். அங்கே கருவேல மரத்தடியில் வருடக் கணக்கில் எறிந்த கப்புகள் குவிந்து கிடந்தன. மக்கிப்போனது, சப்பிப்போனது, அடியில் டீ கட்டி எறும்பு மொய்ப்பது. ஒரு ஆடு ஒரு கப்பை வாயில் போட்டு மென்றுகொண்டிருந்தது. அது என் சாமி பக்தியை மெல்லுகிற மாதிரி இருந்தது எனக்கு. நெற்றியில் பூசியிருந்த திருநீற்றைத் துடைத்தேன். அதைப் பூச எனக்கு என்ன யோக்கியதை?

மறுநாள் களத்து ஆட்கள் ஆறு பேருக்கும் சில்வர் டம்ளரில் டீ கொடுக்கச் சொன்னேன். டீச்சரின் சின்னம்மா டம்ளரைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "என்ன மொதலாளி, கப்பு தீந்துபோச்சாக்கும்?" என்றார்.

பக்கத்தில் இருந்தவர், "அக்கா மக வந்து பாடம் நடத்திட்டுப் போயிருச்சுல்ல, அதேன்" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

அதோடு முடிந்திருந்தால் இதை முன்பே எழுதியிருப்பேன். அவர்கள் போனதும் என் மனைவி அந்த ஆறு டம்ளரையும் புளி போட்டுத் தேய்த்து, மறுபடி சாம்பல் போட்டுத் தேய்த்து, கூடையில் வைக்காமல் துவைக்கிற கல்லின் மேல் தனியாகக் கவிழ்த்தாள். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லாதது மட்டுமா, உள்ளுக்குள் நிம்மதியாக இருந்தது. அதுதான் அசிங்கம். பக்கத்தில் மகள் குத்தவைத்து உட்கார்ந்து உற்று உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

சாயங்காலம் தண்ணீர் கேட்டாள். கல்லின் மேல் இருந்ததில் ஒன்றை எடுத்துத் தண்ணீர் மொண்டு கொடுத்தேன். "அது அவங்களுது" என்று கையைப் பின்னால் கட்டிக்கொண்டாள். ஆறையும் கூடையில் போட்டு மற்ற டம்ளர்களோடு குலுக்கினேன். எல்லாம் ஒரே கடையில் வாங்கியவை. எட்டிப் பார்த்தாள். முகம் அழுகைக்குப் போனது.

"எது எதுன்னு தெரியலயேய்யா. நான் எதுல குடிக்கிறது?"

ஐந்து வயதுப் பிள்ளை, தாகம் எடுத்தும் குடிக்காமல் அழுகிறாள். இனி எந்த வீட்டில் எதைக் குடித்தாலும் இப்படித்தானே பார்ப்பாள், இதைத்தானே என்னைப்போல் கடைசிவரை சுமப்பாள் என்று பதறிவிட்டேன். கைக்கு வந்த டம்ளரில் தண்ணீர் மொண்டு நான் குடித்தேன். மறைக்காமல் சொல்கிறேன், தொண்டை அடைத்தது. இரண்டு தரம் தேய்த்துக் கழுவிய டம்ளர். ராமேஸ்வரத்தில் யார் யார் தலையிலோ ஊற்றிய வாளிக்குக் கீழே கண்ணை மூடி நின்று வாய் திறந்து குடித்தவன் நான். அந்தத் தொண்டைதான் வீட்டு டம்ளருக்கு அடைத்தது. சொல்லிக் கொடுத்தவனுக்கே இப்படி என்றால் பார்த்துக் கற்றவளுக்கு எப்படி இருக்கும்?

மகள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணும் ஆகலயா?"

"ஒண்ணும் ஆகல தாயி."

"இன்னொண்ணுல குடிங்க, பாப்போம்."

குடித்தேன். "அதுலயும்" என்றாள். ஏழு டம்ளர் குடித்தேன். வயிறு முட்டியது. எட்டாவது டம்ளரை அவளே எடுத்து, தண்ணீர் மொண்டு, முகர்ந்து பார்த்து, மூக்கைச் சுளித்து, ஒரு வாய் குடித்தாள். அப்புறம் முழுவதும் குடித்தாள். என் மனைவி அடுப்படியிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் அன்று குடிக்கவில்லை. எப்போது குடித்தாள் என்று நான் கேட்டதும் இல்லை. கல்லின் மேல் டம்ளர் கவிழ்ப்பது மட்டும் அதற்குப் பிறகு இல்லை.

டீச்சரிடம் மன்னிப்புக் கேட்கப் பள்ளிக்கூட வாசல்வரை இரண்டு தடவை போனேன். இரண்டு தடவையும் சைக்கிளைத் திருப்பிவிட்டேன். அடுத்த வருடம் அவர் வேறு ஊருக்கு மாறிப் போய்விட்டார்.

மகளுக்கு இதெல்லாம் ஞாபகமே இல்லை. போன மாதம், "எல்லார் வீட்டு விசேஷத்துலயும் பேப்பர் கப்பு வைக்கிறாங்க, நம்ம வீட்டுல மட்டும் ஏய்யா வாங்கவே மாட்றீங்க?" என்று கேட்டாள். எழுதித் தருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன். முதலில் படிக்கப்போவது அவள்தான். படித்துவிட்டு என் முகத்தைப் பார்ப்பாள். பார்க்கட்டும்.

அடுத்து இதைப் படிக்கிறவர்கள் இன்னொருவருக்குச் சொன்னால் நடந்தபடியே சொல்லுங்கள். பிள்ளை தெரியாமல் செய்தாள் என்று மாற்றாதீர்கள். நான் மன்னிப்புக் கேட்டுவிட்டதாக ஒரு வரி சேர்க்காதீர்கள். தொண்டை அடைத்தது என்பதை விட்டுவிடாதீர்கள்.