நாசாரியோவின் கழுதை போன வழி

நாசாரியோவுக்குப் பயம் என்றால் என்னவென்றே தெரியாது என்று சொனோரா பாலைவனம் முழுக்கப் பேச்சு. சுத்தப் பொய். கிணற்றடி வீட்டுத் தொமாசாவைக் கண்டால் அவனுக்கு நாக்கு ஒட்டிக்கொள்ளும். காட்டெருதைக் கருவேலம் புதருக்குள் விரட்டிப்போய்ச் சுருக்குக் கயிறு வீசுகிறவன், ‘என்னைக் கட்டிக்கிறியா’ என்று அந்த விதவையிடம் கேட்க ஆறு வருஷமாக முழித்துக்கொண்டிருந்தான். புனித யோவான் திருநாளன்று அவளுடைய அண்ணன் வண்டியோடு வந்து அவளைத் தன் ஊருக்கே அழைத்துப்போவதாக ஏற்பாடு. அப்புறம் கேட்டு என்ன பிரயோசனம்?

“அவ வீட்டுப் பக்கம் போனியாடா?” என்று பண்ணையாட்கள் நாங்கள் கேட்டால், “எனக்கு அங்க என்ன வேலை? மேற்கு எல்லைல மாடு பாக்கப் போனேன்” என்பான்.

திருநாளுக்கு முந்தின வாரம், காதறுந்த கறுப்பு எருது அவன் கயிற்றில் மாட்டியது. எங்கள் வழக்கப்படி அதைத் தான் ஓட்டிப்போகிற பண்ணைக் கழுதையோடு கழுத்துக்குக் கழுத்து பிணைத்துக் காட்டிலேயே விட்டுவிட்டு வந்தான். மாடு எவ்வளவு முரண்டு பிடித்தாலும் கழுதை அசராது. தனக்குச் சோளம் கிடைக்கிற வாசலுக்கு இழுத்துக்கொண்டு வந்துதான் நிற்கும்.

திருநாளும் வந்தது, கழுதையைக் காணோம். பண்ணைக் காரியக்காரர் கிரிசாந்தோ எங்களைக் கூட்டிக்கொண்டு தேடக் கிளம்பினார். குளம்புத் தடம் மேற்கே திரும்பியது. நாசாரியோவின் முகம் வெளுத்தது.

“நீங்கல்லாம் எதுக்குங்க, நான் மட்டும் போறேனே” என்றான். யார் விட்டார்கள்?

தடம் நேராகத் தொமாசாவின் முற்றத்தில் முடிந்தது. கழுதை கூடைக்குள் முகத்தை விட்டுச் சோளம் தின்றுகொண்டிருந்தது. பக்கத்தில் அந்த முரட்டு எருது, உடம்பெல்லாம் முள்ளோடு, தலையைத் தொங்கப்போட்டு நின்றது.

“ஏம்மா, நம்ம கழுதைக்கு இங்க எத்தனை நாளா விருந்து நடக்குது?” என்றார் கிரிசாந்தோ.

“அதை ஓட்டிட்டு வர்றவரைக் கேளுங்க. தண்ணி குடிக்கிறேன்னு வருவாரு. அதுக்குச் சோளம், இவருக்கு ரொட்டி. தின்னுட்டுத் தொப்பியைச் சுத்திக்கிட்டே உக்காந்திருப்பாரு. வாய்ல ஒரு வார்த்தை வராது!”

நாங்கள் சிரித்த சிரிப்பில் குதிரைகள் மிரண்டன. எனக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. நாசாரியோ மட்டும் சிரிக்கவில்லை. வாசலில் அண்ணனின் வண்டி பூட்டித் தயாராக இருந்தது. அதன்மேல் தொமாசாவின் பெட்டி.

குதிரையிலிருந்து இறங்கினான். எங்கள் யாரையும் பார்க்காமல் போய், வண்டியிலிருந்து பெட்டியைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு அவள் முன்னால் நின்றான். வேர்த்து ஒழுகியது.

“இதை உள்ள... எங்க வைக்கட்டும்?”

தொமாசா வண்டியருகே நின்ற அண்ணனைப் பார்த்தாள். அவனும் சிரித்துக்கொண்டுதான் இருந்தான்.

“கட்டிலுக்குக் கீழ வைங்க” என்றாள். “பாத்து, நிலைப்படி இடிக்கும்.”